முகட்டில் பொறித்த ஆண்டு

இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியில், நார்ஃபோக் கவுண்ட்டியின் தென்கிழக்கு மூலையில், லாடன் என்றொரு சிறிய சந்தையூர் இருக்கிறது. அதைச் சுற்றியுள்ள சிற்றூர்களில் சாலையோரமாக நடப்பவர்கள், நீண்ட வீட்டு வரிசை ஒன்று முடியும் இடத்தில் தலையை நிமிர்த்திப் பார்க்க வேண்டும். கூரையின் இரு சரிவுகளும் கூடும் முக்கோண முகட்டில், அந்த வரிசை கட்டப்பட்ட ஆண்டு தெரியும். பலகையில் எழுதி மாட்டியது இல்லை. சுவர் எழும்பும்போதே சில செங்கற்களைச் சற்று வெளியே தள்ளி வைத்து, எண்களைச் சுவராகவே கட்டியிருக்கிறார்கள். வெயில் சாய்வாக விழும் நேரத்தில் எண்களின் நிழல் செங்கலின் மேல் விழுந்து, ஆண்டு இன்னும் துலங்கும்.

பிரபுவின் மாளிகையிலும் தேவாலயத்திலும் ஆண்டு பொறிப்பது எங்கும் உள்ள வழக்கம். இங்கே பொறித்திருப்பது பண்ணைக் கூலிகளுக்காக அரசுச் செலவில் கட்டிய வாடகை வீடுகளில். கட்டியவர் லாடன் ஊரக வட்டத்தின் மன்றத்தார். ரூரல் டிஸ்ட்ரிக்ட் கவுன்சில் என்று அவர்கள் ஊரில் அழைக்கப்பட்ட அந்த அமைப்பு 1974 ஏப்ரல் 1 அன்று சட்டப்படி இல்லாமல் போனது. அதன் எண்பதாண்டு வாழ்க்கையில் மிஞ்சிய அழகான பொருள் இந்த முகடுகள்தான் என்பது என் எண்ணம்.

ஊரக வட்டங்கள் பிறந்தது 1894ஆம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டத்தில். கவுண்ட்டிக்குக் கீழே, சிற்றூர் மன்றத்துக்கு மேலே, நடுப்படியில் அவற்றை வைத்தார்கள். நகரம் என்று சொல்ல முடியாத நிலப்பரப்பெல்லாம் இவற்றின் பொறுப்பு. ஆனால் வேலை என்னவோ கம்பீரமானதில்லை: சாக்கடை, கிணறு, குப்பை, கிராமச் சாலை, தொற்றுநோய். ஊழியர்களில் ஒருவருக்கு ‘தொல்லைகளின் ஆய்வாளர்’ என்றே பதவிப் பெயர். பன்றிக் கொட்டிலின் நாற்றமும் அடைத்துக்கொண்ட வாய்க்காலும் அவர் கணக்கில் வரும். செயலர் பெரும்பாலும் ஊர் வழக்கறிஞராக இருப்பார். தம் தொழிலுக்கு நடுவே மன்றத்தின் கோப்புகளையும் பார்த்துக்கொள்வார். வாக்களிக்கவும் நிற்கவும் பெண்களுக்கு வழி திறந்த சட்டம் அது என்பதையும் சொல்ல வேண்டும். மணமான பெண்களுக்கும் திறந்தது. நாடாளுமன்ற வாக்கு அவர்களுக்குக் கிடைக்க இன்னும் கால் நூற்றாண்டு இருந்தது.

இன்னொரு கூறு சற்று இருண்டது. ஊரக வட்டத்து உறுப்பினராகத் தேர்வானவரே ஏழைகள் சட்டத்தின் காப்பாளரும் ஆவார். அதாவது, சாலைக்குக் கப்பி போடுவதைப் பற்றிப் பேசும் அதே ஆள்தான், வயதான கூலிக்காரர் ஒருவரை ஏழைகள் இல்லத்துக்கு அனுப்புவதா, வீட்டிலேயே வைத்து உதவுவதா என்றும் தீர்மானிப்பார். ஏழைகள் சட்ட ஒன்றியங்களை 1930இல் கலைக்கும் வரை இந்த இரட்டை வேடம் நீடித்தது. லாடன் பகுதியின் ஏழைகள் இல்லம் ஹெக்கிங்ஹம் என்ற ஊரில் இருந்தது. லாடன், கிளாவரிங் என்னும் இரண்டு பழைய நிலப்பிரிவுகள் கூடி 1760களில் எழுப்பிய பெரிய செங்கல் கட்டடம். தொழில் இல்லம் என்று அதற்கு நல்ல பெயர் வைத்திருந்தார்கள். பிற்காலத்தில் அது மருத்துவமனை ஆனது. அதைச் சுற்றி வாழ்ந்தவர்களுக்குக் கிழப்பருவம் என்றாலே அந்தக் கட்டடம்தான் நினைவில் எழும். ஏழைகளுக்காகப் பொதுப்பணத்தில் கட்டினால் இப்படித்தான் இருக்கும் என்று அந்தச் சுவர் ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் சொல்லிக்கொண்டிருந்தது. பின்னால் வந்த வீடுகளை அதற்கு எதிரே நிறுத்திப் பார்த்தால்தான் அவற்றின் நயம் முழுதாகப் புரியும்.

நிலத்தையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். வடக்கே யேர் ஆறு, தெற்கே வேவ்னி ஆறு. வேவ்னியைத் தாண்டினால் சஃபோக். நடுவே செட் என்ற சிற்றாறு லாடனைத் தொட்டுக்கொண்டு ஓடி யேரில் கலக்கிறது. ஆற்றங்கரைகளில் சதுப்பு மேய்ச்சல் நிலம். மேட்டில் கனத்த களிமண். இந்தப் பக்கத்துப் பழைய தேவாலயங்களின் கோபுரங்கள் பல உருண்டையானவை. கட்டுக்கல் கிடைக்காத நாடு. கிடைத்தது சக்கிமுக்கிக் கல் மட்டும். மூலைக்கு வெட்டுக்கல் வேண்டும், உருண்டைக்கு வேண்டாம். அதனால்தான் உருண்டை என்பது பழைய விளக்கம். அறிஞர்கள் அதை இன்னும் விவாதிக்கிறார்கள். ஹாடிஸ்கோ ஊரின் உருண்டைக் கோபுரத்தின் உச்சியில் சக்கிமுக்கியும் வெளிர்கல்லும் மாறிமாறிக் கட்டம் கட்டமாக ஓடும். ஹேல்ஸ் ஊரின் சின்னத் தேவாலயத்துக்கு இன்றும் நாணற்கூரை. லாடனில் இருக்கும் பெரிய தேவாலயம், ஏழாம் ஹென்றியின் தலைமை வழக்கறிஞராக இருந்த சர் ஜேம்ஸ் ஹோபார்ட் பதினைந்தாம் நூற்றாண்டின் கடைசியில் கட்டியது. கைக்குக் கிடைத்த எளிய பொருளை நிறம் மாற்றி அடுக்கியே அழகு செய்யும் பழக்கம் இந்த மண்ணில் நெடுங்காலமாக உண்டு என்பதற்காகவே இவ்வளவும் சொன்னேன்.

இதே வட்டத்தின் டிச்சிங்ஹம் ஊரில் வாழ்ந்த நாவலாசிரியர் ரைடர் ஹாகர்ட், ஆப்பிரிக்க சாகசக் கதைகளால் உலகப்புகழ் பெற்றவர். தம் பண்ணையின் ஓராண்டுக் கணக்கை நாட்குறிப்பாக எழுதி 1899இல் வெளியிட்டார். தானிய விலை விழுந்து, இளைஞர்கள் நிலத்தை விட்டு ஓடிக்கொண்டிருந்த காலம் அது. கூலிக்காரரின் வீட்டு நிலையோ அதைவிட மோசம். பண்ணை முதலாளி கொடுத்த வீட்டில்தான் பலரும் இருந்தார்கள். வேலை போனால் வீடும் போகும். தேர்தலில் முதலாளிக்கு எதிராக நிற்பவரும், சங்கம் சேர்ப்பவரும் அன்றிரவு எங்கே படுப்பது என்று முதலில் யோசிக்க வேண்டியிருந்தது. விவசாயத் தொழிலாளர் சங்கத்தை 1906இல் இதே நார்ஃபோக்கின் நார்த் வால்ஷமில் தொடங்கிய ஜார்ஜ் எட்வர்ட்ஸ், ஆறு வயதில் காக்கை விரட்டப் போனவர். பிள்ளைப்பருவத்தில் ஏழைகள் இல்லத்தையும் பார்த்தவர். 1920இல் நாடாளுமன்றம் போனார். மன்றம் கட்டிக்கொடுக்கும் வாடகை வீடு என்பது இந்த ஊர்களில் முதலாளியின் சாவிக்கொத்திலிருந்து விடுபடும் வழி. அதை மனத்தில் வைத்துக்கொண்டுதான் இனி வரும் ஓடு, செங்கல் பேச்சைக் கேட்க வேண்டும்.

இரண்டாம் உலகப்போர் முடிந்தபோது வீட்டுப் பஞ்சம் உச்சத்தில் இருந்தது. செங்கல் கிடைக்காது, மரம் கிடைக்காது, எல்லாவற்றுக்கும் உரிமச்சீட்டு. வீட்டுவசதியையும் சேர்த்துப் பார்த்த சுகாதார அமைச்சர் அனூரின் பெவன், எண்ணிக்கைக்காகத் தரத்தைக் குறைக்கக் கூடாது என்று பிடிவாதமாக இருந்தார். மருத்துவரும் இறைச்சிக்கடைக்காரரும் கூலிக்காரரும் ஒரே தெருவில் வாழ்ந்த பழைய கிராமம் அவர் மனத்தில் இருந்த மாதிரி. நாடெங்கும் மன்றங்கள் கட்டத் தொடங்கின. பல இடங்களில் கிடைத்தது இரண்டிரண்டாக ஒட்டிய பெட்டி வீடுகளின் அணிவகுப்பு. எந்த ஊர் என்று அடையாளம் சொல்ல முடியாதவை.

லாடன் மன்றத்துக்குக் கிடைத்தவர்கள் ஹெர்பர்ட் டெய்லர், டேவிட் கிரீன் என்ற இரண்டு கட்டடக் கலைஞர்கள். லண்டனில் ஒன்றாகப் படித்தவர்கள், வாழ்க்கையிலும் துணைவர்கள். 1938இல் தொழில் தொடங்கி, லண்டன் ஹைகேட்டில் ஓர் ஓவியருக்காக நவீனப் பாணியில் கட்டிய வீட்டால் பெயர் பெற்றிருந்தார்கள். போர்க்காலத்தில், கிரீனின் தந்தை நடத்திவந்த கட்டடக்கலை அலுவலகத்தை ஏற்க லோஸ்டாஃப்ட் கடற்கரை ஊருக்கு வந்தவர்கள், போர் முடிந்தும் லண்டனுக்குத் திரும்பவில்லை. ஏறக்குறைய முப்பதாண்டுகள் லாடன் மன்றத்துக்கே வீடு வரைந்தார்கள். மொத்தம் கிட்டத்தட்ட 700 வீடுகள். எல்லாம் ஒரே இடத்தில் இல்லை; இந்த ஊரில் எட்டு, அடுத்த ஊரில் இருபது என்று தூவியதைப் போல. தர்ல்டன், கெல்டெஸ்டன், கில்லிங்ஹம், டிச்சிங்ஹம், பெர் ஆப்டன், லாடன்.

அவர்கள் செய்த முதல் காரியம், வீடுகளை வரிசையாகச் சேர்த்துக் கட்டியது. கிராமத்தில் வரிசை வீடா என்று அன்று பலர் முகம் சுளித்தார்கள். தெருவரிசை என்றாலே ஆலை நகரத்தின் நினைவு. இரட்டை வீடுகளைத் தள்ளித் தள்ளி வைத்தால் என்ன ஆகும் என்று இவர்கள் பார்த்திருந்தார்கள். ஒவ்வொரு இடைவெளியிலும் பின்பக்கத்துக் கோழிக்கூடும் துணிக்கொடியும் தகரக் கொட்டகையும் சாலைக்குத் தெரியும். வானம் துண்டு துண்டாகும். நீண்ட ஒரே கூரைக்கோடு இருந்தால், நார்ஃபோக்கின் தாழ்ந்த அடிவானத்தோடு அது சேர்ந்து படுத்துக்கொள்ளும். செலவும் குறையும்.

டிச்சிங்ஹமின் விண்ட்மில் கிரீனில் இது முழு அழகோடு தெரிகிறது. 1940களின் கடைசியில் கட்டியது. பெரிய புல்வெளி, அதன் மூன்று பக்கங்களிலும் தாழ்ந்த, நீண்ட வரிசைகள். செங்கல்லின் தரம் நம்ப முடியாத காலமாதலால் சுவர்களுக்கு வண்ணம் பூசினார்கள். வரிசை நெடுகிலும் ஒரே நிறமாக இல்லாமல், மென்மையான நிறங்கள் மாறிமாறி வரும். தூரத்திலிருந்து பார்த்தால் ஒரே கட்டடம்; கிட்டே போனால் ஒவ்வொருவருக்கும் தம் வீடு தனியாகத் தெரியும். பஞ்ச காலத்தின் தட்டுப்பாட்டிலிருந்தே இந்த நயத்தைப் பிழிந்தெடுத்தார்கள்.

கூரைக்கு நெளி ஓடு. கடலுக்கு அப்பால் டச்சு நாட்டு வணிகத்தோடு வந்து கிழக்கு இங்கிலாந்தில் ஊன்றிப்போன ஓடு அது. நார்ஃபோக்கின் பழைய களஞ்சியங்களிலும் குடிசைகளிலும் அதே ஓடுதான். அதைப் போட்டதால் புதுவீடு பழைய ஊரோடு சண்டை போடவில்லை. ஆனால் ஜன்னலும் அளவும் சரிவும் நவீனம். பழையதைப் போல நடிக்கும் வேலை எங்கும் இல்லை.

எனக்கு மிகவும் பிடித்தது வெளியே எளிதில் புலப்படாத ஒன்று. இந்த வீடுகள் சாலையோடு நீளவாக்கில் அகலமானவை, உள்வாங்கலில் குறுகலானவை. வெளிச்சம் இரு பக்கமும் நன்றாக நுழையும். வரிசை வீட்டில் ஒரு பழைய தொல்லை உண்டு: பின்தோட்டத்துக்குப் போக வீட்டுக்குள்ளேயே நடந்தாக வேண்டும். இங்கே குடியிருக்கப் போகிறவர்களோ சர்க்கரைக் கிழங்கு பிடுங்குகிறவர்கள். யேர் ஆற்றின் அக்கரையில் கேன்ட்லி சர்க்கரை ஆலை 1912இல் தொடங்கியது. அறுவடை இலையுதிர் காலத்திலும் குளிரிலும், வயலெல்லாம் சேறு. அந்தப் பூட்ஸோடு, மிதிவண்டியோடு, நிலக்கரி மூட்டையோடு, உருளைக்கிழங்குச் சாக்கோடு வரும் மனிதர் கூடத்தை மிதிக்காமல் எப்படிப் பின்னால் போவார்? அதற்காக வீட்டை ஒட்டியே, அதே கூரைக்குக் கீழே, முன்பக்கத்திலிருந்து பின்பக்கத்துக்கு ஊடுருவிப் போகும் சாமான் அறை ஒன்றை வைத்தார்கள். முன்கதவு வழியே சேறும் சுமையும் நுழையும், பின்கதவு வழியே தோட்டத்துக்குப் போகும். கூடம் சுத்தமாக இருக்கும். மிதிவண்டிக்கும் கரிக்கும் அதிலேயே இடம். வெளியே தனிக் கொட்டகை வேண்டியதில்லை என்பதால் தோட்டத்தின் பார்வையும் கெடவில்லை. ஒரு நடைபாதையால் வீட்டம்மாவின் தரையும், வரிசையின் வடிவமும், ஊரின் காட்சியும் மூன்றும் காப்பாற்றப்பட்டன. குடியிருப்பவரின் காலை இவ்வளவு கவனமாகப் பார்த்த வரைபடம் அபூர்வம்.

1950களில் செங்கல் தாராளமாகக் கிடைக்கத் தொடங்கியது. அப்போதுதான் இவர்கள் துணிந்து விளையாடத் தொடங்கினார்கள். நவீனக் கட்டடக்கலையில் அலங்காரம் என்பது ஏறக்குறைய குற்றமாக எண்ணப்பட்ட காலம். அந்தப் பள்ளியில் படித்த இருவரும் பக்கச் சுவர்களில் வைர வடிவங்களைக் கட்டினார்கள். வெளிர் செங்கல்லுக்கு நடுவே அடர் செங்கல், தட்டையான வரிக்கு நடுவே புடைத்த செங்கல். ஒரு வரிசையின் இந்த முனையில் உள்ள கோலம் மற்ற முனையில் இருக்காது. கூரை விளிம்பில் அடித்த பலகையை வளைவு வளைவாக அறுத்து வைத்தார்கள். கொடி ஏற மரச்சட்டம் கட்டினார்கள். ஊரின் பெயரோ ஆண்டோ முகட்டில் ஏறியது. இதற்கெல்லாம் தனிச் சிற்பி வேண்டியதில்லை. அதே கொத்தனார், அதே சுவர், செங்கல்லை வைக்கும் வரிசை மட்டும் மாறுகிறது. ஹாடிஸ்கோ கோபுரத்தின் கட்டங்களைப் பார்த்துவிட்டு இங்கே வருபவருக்கு, ஒரே மண்ணின் கைவாகு பல நூற்றாண்டு கழித்தும் தொடர்வதாகத் தோன்றும். கலைஞர்கள் அதைப் பார்த்துத்தான் செய்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. கண்ணுக்கு அப்படிப் படுகிறது, அவ்வளவே.

எல்லா இடத்திலும் இது சரியாக வாய்த்தது என்றும் சொல்ல மாட்டேன். சில வரிசைகளில் விளிம்புப் பலகையின் வளைவு அளவுக்கு மிஞ்சிப்போய், கேக் கடையின் நினைவு வருகிறது. விண்ட்மில் கிரீனின் அடக்கத்தில் உள்ள உறுதி பின்னால் வந்த சிலவற்றில் தளர்ந்துவிட்டது. ஆனால் முதியவர்களுக்கான ஒற்றைத்தள வீடுகளைக் குடும்ப வீடுகளோடு அதே வரிசையில் சேர்த்துக் கட்டியது, அந்தக் குறைகளையெல்லாம் மறக்கச் செய்கிறது. கூரைக்கோடு இரண்டு தளத்திலிருந்து ஒரு தளத்துக்கு இறங்கி மறுபடி ஏறும்போது, பார்வைக்கு ஒரு தாளம் கிடைக்கிறது. உள்ளே, கிழவர் கிழவிகள் பேரப்பிள்ளைகளின் சத்தம் கேட்கும் தூரத்தில் இருக்கிறார்கள். ஹெக்கிங்ஹம் இல்லத்துக்கு அனுப்புவதைப் பற்றித் தீர்மானம் போட்ட அதே ஊரக வட்டம்தான் இதையும் கட்டியது. இடையில் சில பத்தாண்டுகள் மட்டும்.

புகழை எல்லாரும் இரு கலைஞர்களுக்கே கொடுக்கிறார்கள். நிக்கலஸ் பெவ்ஸ்னர் நார்ஃபோக் கட்டடங்களைப் பற்றிய தம் நூலில் இவ்வீடுகளை மெச்சிக் குறித்தார். எலேன் ஹார்வுட், ஆலன் பவர்ஸ் இருவரும் 1998இல் இவர்களைப் பற்றித் தனி நூலே கொண்டுவந்தார்கள். தகுதியான புகழ்தான். ஆனால் ஒரு பங்கை அந்த மன்றத்துக்கும் ஒதுக்க வேண்டும் என்பேன். பண்ணையாரும் கடைக்காரரும் பாதிரியாரும் தொழிலாளரும் கலந்து உட்காரும் இத்தகைய மன்றங்கள் வரியில் ஒரு பென்னி கூடினாலும் கூச்சல் போடுபவை. புதுமை என்றால் சந்தேகம். அப்படிப்பட்ட ஓர் அவை, லண்டனில் படித்த இருவரை முப்பதாண்டுக் காலம் மாற்றாமல் வைத்துக்கொண்டது. முதல் வரிசையில் கற்றதை ஐம்பதாவது வரிசையில் பயன்படுத்த அவர்களுக்கு வாய்ப்பு கிடைத்தது. வட்டம் சிறியது, உறுப்பினருக்கு ஒவ்வொரு மனையும் நேரில் தெரியும், அதில் வரப்போகும் குடும்பமும் ஓரளவு தெரியும். பெரிய அலுவலகம் ஒன்று நூறு மைலுக்கு அப்பாலிருந்து இதைச் செய்திருந்தால், எல்லா முகட்டிலும் ஒரே கோலம் இருந்திருக்கும். பெரும்பாலும் எந்தக் கோலமும் இருந்திருக்காது.

1972ஆம் ஆண்டின் சட்டம் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் இருந்த நானூறுக்கும் மேற்பட்ட ஊரக வட்டங்களை ஒரே நாளில் முடித்துவைத்தது. சிறியவை செலவு மிக்கவை, நகரையும் நாட்டுப்புறத்தையும் பிரித்து ஆள்வது காலத்துக்கு ஒவ்வாதது என்பது வாதம். வாதத்தில் உண்மை இல்லாமலில்லை. லாடன், பக்கத்து டெப்வேட், ஃபோர்ஹோ–ஹென்ஸ்டெட் ஊரக வட்டங்களோடும் டிஸ், விண்டம் என்ற இரு சிறு நகரங்களோடும் சேர்ந்து தென் நார்ஃபோக் என்ற புதிய மாவட்டத்தில் கரைந்தது. டெய்லரும் கிரீனும் அதற்கு முந்தைய ஆண்டே, 1973இல், தொழிலை முடித்துக்கொண்டு ஸ்பெயினுக்குப் போய்விட்டார்கள்.

1980இன் வீட்டுவசதிச் சட்டம் குடியிருப்பவரே வீட்டை வாங்கிக்கொள்ளும் உரிமையைத் தந்தது. வாங்கியவர்கள் தம் விருப்பப்படி பிளாஸ்டிக் ஜன்னல் போட்டார்கள், கதவை மாற்றினார்கள், வண்ணத்தை மாற்றினார்கள். குறை சொல்வதற்கில்லை, சொந்த வீடு என்ற உணர்வின் முதல் வெளிப்பாடு பெரும்பாலும் கதவில்தான் தெரியும். வரிசையின் ஒருமை மட்டும் அங்கங்கே உடைந்தது. 1990களின் இறுதியில் விண்ட்மில் கிரீன் உட்படச் சில வரிசைகள் பாதுகாக்கப்பட்ட கட்டடங்களின் பட்டியலில் ஏறின. கூலிக்காரரின் வாடகை வீடு, மாளிகையும் தேவாலயமும் இடம்பெற்ற அதே பட்டியலில்.

நாரிச் நகரிலிருந்து பெக்கிள்ஸ் போகும் சாலை லாடனைத் தொட்டுச் செல்கிறது. அந்தப் பக்கம் போக வாய்ப்பவர்கள் ஹோபார்ட்டின் தேவாலயத்தைப் பார்த்த கையோடு, சுற்றுப்புற ஊர்களிலும் ஒரு நடை நடந்து வாருங்கள். சாலையில் நின்றே எல்லாவற்றையும் பார்க்கலாம். ஜன்னல் வழியாக எட்டிப் பார்க்காதீர்கள்; இன்றும் அங்கே குடும்பங்கள் வாழ்கின்றன.